நான் ஆச்சியாக இருந்தபோது

போன மாதம் சென்னையிலிருந்து என் மகள் போன் செய்து, பச்சை நிறத்தில் பழைய எனாமல் தூக்குச்சட்டி ஒன்று வேண்டும் என்றாள். வரவேற்பறை அலமாரியில் வைக்கப் போகிறாளாம். சின்ன வயதில் அதே மாதிரி தூக்கில் மோர் வாங்கிவரச் சொன்னால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போனவள். சரி, பணி ஓய்வு பெற்றவனுக்கு வேறு என்ன வேலை என்று காரைக்குடியில் பழைய சாமான் விற்கும் தெருவுக்குக் கிளம்பினேன்.

அந்தத் தெருவை நீங்கள் பார்த்திருந்தால் உங்களுக்கே தெரியும். ஒரு வீட்டையே பிரித்துத் தெருவில் அடுக்கியதைப் போல இருக்கும். கதவு தனியாக, நிலை தனியாக, ஜாடி தனியாக, யாரோ ஒரு குடும்பத்தின் முன்னோர் சட்டத்துக்குள் முறைத்துக்கொண்டு தனியாக. தூக்குச்சட்டி கிடைத்துவிட்டது. ஆனால் அதற்குப் பின்னால் கயிறு போட்டுக் கட்டியிருந்த ஒரு புத்தகக் கட்டிலிருந்து வாசனை வந்தது. எலிப் புழுக்கையும் பச்சைக் கற்பூரமும் பழைய காகிதமும் சேர்ந்த வாசனை. புத்தக வாசனை வந்தால் குனிந்து பார்க்காமல் என்னால் இருக்க முடியாது, முதுகு என்ன சொன்னாலும்.

குனிந்தேன். ரோஸ் நிற அட்டை. நடுவில் குத்துவிளக்கு. 'வாழப்போகும் மகளுக்கு'. அதற்குக் கீழே, 'எழுதியவர்: அனுபவம் மிக்க காரைக்குடி ஆச்சி ஒருவர்'.

"எடுத்துப் பாருங்க சார். அந்தக் காலத்துல கல்யாண வீட்டுல குடுத்தது" என்றார் கடைக்காரர். "ஓட்டலுக்கு வாங்கிட்டுப் போறாக. கானாடுகாத்தான்ல ரூம்புக்கு ஒண்ணு மேசை மேல வைக்கிறாகளாம். வெளிநாட்டுக்காரக படம் புடிக்கிறதுக்கு."

"யாரு இந்த ஆச்சி?" என்று கேட்டேன்.

"யாருக்குத் தெரியும்? இந்நேரம் போய்ச் சேர்ந்திருப்பாக."

அந்த ஆச்சி போய்ச் சேரவில்லை. கடைக்காரர் எதிரில், கையில் தூக்குச்சட்டியோடு, வழுக்கைத் தலையைத் தடவிக்கொண்டு நின்றாள். அதை எழுதியது நான். எழுதும்போது எனக்கு இருபத்திரண்டு வயது. கல்யாணம் ஆகவில்லை. மீசை இருந்தது, ஆனால் பக்கத்தில் வந்து பார்க்க வேண்டும்.

சிரிப்பதற்கு உரிய விஷயம்தான். நானும் நண்பர்களிடம் இதைச் சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். ஆனால் அந்தப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் மூன்று வரி இருந்தது. அதை மட்டும் நாற்பது வருடமாக யாரிடமும் சொன்னதில்லை. அந்த மூன்று வரியால் என் தங்கை செத்துப் பிழைத்தாள் என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

முதலில் இந்தப் புத்தகங்களைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். எங்கள் பக்கத்தில் பெரிய வீட்டுக் கல்யாணம் என்றால் தாம்பூலப் பையில் தேங்காய், வெற்றிலையோடு ஒரு சின்னப் புத்தகமும் இருக்கும். அட்டையில் மணமக்கள் பெயர். உள்ளே சில வீட்டில் தேவாரம் போடுவார்கள், சில வீட்டில் குறள் போடுவார்கள். பெண் வீட்டார் பலருக்கு விருப்பம், புதுப் பெண்ணுக்குப் புத்திமதி. மகளுக்குக் கொடுக்கும் பித்தளை, எவர்சில்வர், எனாமல் எல்லாவற்றையும் கல்யாண வீட்டில் பரப்பி வைப்பார்கள் இல்லையா, அதன் ஓரத்தில் இந்தப் புத்தகத்தையும் ஒரு அடுக்கு வைத்திருப்பார்கள். புத்தியும் கொடுத்துத்தான் அனுப்புகிறோம் என்று ஊருக்குத் தெரிய வேண்டும்.

நான் வேலை பார்த்த அச்சாபீஸில் இது ஒரு முக்கியமான வியாபாரம். முதலாளியின் அப்பா காலத்திலிருந்து ஒரே புத்திமதிதான். அட்டையும் பெயரும் மட்டும் மாறும். புரூப் பார்ப்பது என் வேலை என்பதால் அந்தப் புத்திமதி முழுவதும் எனக்கு மனப்பாடம். காக்கை கரையுமுன் எழுந்திரு. பல் தெரியச் சிரிக்காதே. ஜன்னலோரம் நிற்காதே. கண்ணாடி முன் அதிக நேரம் செலவிடாதே. கணவன் பேச்சுக்கு மறுபேச்சு பேசாதே, பேசத்தான் வேண்டுமென்றால் அவன் சாப்பிட்ட பிறகு பேசு. பதினோராம் பக்கத்தில் 'புத்தகம் படித்துக் காலத்தை வீணாக்காதே' என்று இருக்கும். ஒரு புத்தகமே இப்படிச் சொன்னால் படிக்கிற பெண் என்னதான் செய்வாள் என்று எனக்கு அப்போதே சந்தேகம்.

'பருவம்' என்று ஓர் அத்தியாயம். மொத்தம் அரைப் பக்கம். 'பருவமடைந்த பெண்ணின் உடம்பில் சில மாறுதல்கள் நேரும். அவற்றைத் தாயிடம் கேட்டுத் தெரிந்துகொள்க' என்பதோடு முடிந்துவிடும். அந்தக் காலத்துத் தாயார்களிடம் கேட்டிருந்தால், 'அதான் புஸ்தகம் குடுத்திருக்குல்ல, பாரு' என்றிருப்பார்கள். இப்படி இரண்டு பக்கமும் கையைக் காட்டிவிட்ட நடுவில் எத்தனை பெண்கள் பயந்துகொண்டு வளர்ந்தார்களோ. இன்று என் பேத்தி போனில் எல்லாவற்றையும் பார்த்துத் தெரிந்துகொள்கிறாள், அதில் பாதி தப்பாகவும் இருக்கிறது. ஆனால் தப்பு என்று இன்னொரு பெண் கீழேயே எழுதிவிடுகிறாள். எங்கள் புத்தகத்தில் அதற்கு வழியே இல்லை.

ஒரு தை மாதத்துக்கு முன்னால், ஒரு பெரிய வீட்டுக்காரர் வந்து பழைய புத்திமதி வேண்டாம் என்றுவிட்டார். "போன வருசம் எங்க பங்காளி வீட்டுல குடுத்ததும் இதேதேன். எங்க பொண்ணுக்குப் புதுசா எழுதிப் போடுங்க. ஒரு பெரிய மனுசி எழுதுனதா இருக்கணும்" என்றார். கல்யாணத்துக்கு மூன்று வாரம்தான் இருந்தது. வழக்கமாக எழுதித் தரும் தமிழாசிரியருக்கு அப்போதுதான் கண் ஆபரேஷன் ஆகியிருந்தது. முதலாளி அறையைச் சுற்றிப் பார்த்தார். பள்ளி ஆண்டு மலரில் ஒரு வெண்பா எழுதியவன் என்ற பெருமை எனக்கு உண்டு. அந்தப் பெருமையை நானே பரப்பியிருந்தேன்.

"ரெண்டு பாரம். முப்பத்திரண்டு பக்கம். ஆச்சி எழுதுன மாதிரி எழுதிருவியா?" என்றார்.

"எழுதிருவேன்" என்றேன். இந்தத் துணிச்சல் இருபத்திரண்டில்தான் வரும்.

கோட்டையூரில் எங்கள் வீடு. அப்பாவுக்கு நாலு ஏக்கர் வயல். நானும் பஞ்சவர்ணமும் என்று இரண்டு பிள்ளைகள். அவள் என்னைவிட மூன்று வயது இளையவள். புத்திமதிக்கு எங்கே போவது என்று சாயங்காலம் கவலையோடு உட்கார்ந்திருந்தபோது, அடுப்படியில் அம்மா அவளை வைதுகொண்டிருந்தார்கள். நடக்கையில் தரை அதிருதாம். முறம் வைத்த இடத்தில் முறம் இல்லையாம். சோறு வடிக்கும்போது சினிமாப் பாட்டு எதற்காம். நான் நோட்டை எடுத்து எழுத ஆரம்பித்துவிட்டேன். 'மெல்ல நட மகளே, உன் பாதம் பூமிக்கு நோகாதிருக்கட்டும்.' மூன்று இரவு அம்மா வைதார்கள், எனக்கு நான்கு அத்தியாயம் முடிந்தது. பாவம், பஞ்சவர்ணத்துக்கு இது ஒன்றும் தெரியாது. தெரிந்திருந்தால் பங்கு கேட்டிருப்பாள்.

மிச்சத்தைப் பழைய புத்தகத்திலிருந்து வார்த்தையை மாற்றி எழுதினேன். சமையல் குறிப்பு நாலு பக்கம் என் சொந்தச் சரக்கு. எல்லாம் முடிந்து அச்சுக் கோத்த பிறகு கடைசிப் பக்கத்தின் அடியில் மூன்று வரி இடம் மிஞ்சியது. "மொட்டையா நிக்குது, எதையாச்சும் எழுதி அடை" என்றார் முதலாளி. நின்ற வாக்கிலேயே எழுதிக் கொடுத்தேன்.

'முதல் ஒரு வருடம், புகுந்த வீட்டில் எது நேர்ந்தாலும் தாய்வீட்டுக்கு எழுதாதே. எழுதினால் இரண்டு வீடும் நோகும். உன் மௌனமே நீ கொண்டுபோகும் சீதனம்.'

அந்தக் கடைசி வாக்கியத்தை நான் எத்தனை முறை வாயில் போட்டுச் சுவைத்தேன் என்று சொன்னால் வெட்கமாக இருக்கும். அச்சுக் கோக்கும் கம்பாசிட்டர் முதற்கொண்டு எல்லோரிடமும் வாசித்துக் காட்டினேன். வெண்பாவுக்குப் பிறகு நான் எழுதிய உருப்படியான வரி இதுதான் என்று நினைத்தேன்.

புத்தகம் நன்றாகப் போயிற்று. அடுத்தடுத்து மூன்று நான்கு கல்யாணத்துக்கு அதையே கேட்டார்கள். யார் அந்த ஆச்சி என்று ஊரில் ஒரு பேச்சு. ஒவ்வொரு வீட்டிலும் ஒவ்வோர் ஆச்சியைச் சொன்னார்கள். சொல்லப்பட்ட ஆச்சிகளில் பாதிப் பேர் மறுக்கவும் இல்லை என்று கேள்வி.

ஒரு நாள் மத்தியானம் அச்சாபீஸ் வாசலில் ஒரு கார் வந்து நின்றது. நாற்பது வயது இருக்கும் செட்டியார் வீட்டு ஆச்சி ஒருவர் இறங்கி வந்தார்கள். வெள்ளைக் கல் மூக்குத்தி, கையில் எங்கள் ரோஸ் அட்டை. முதலாளி எழுந்து நாற்காலியைத் துடைத்துப் போட்டார். அவர்கள் உட்காரவில்லை.

"இதை எழுதுனது யாரு?"

"ஒரு பெரிய ஆச்சி. பேர் வெளிய வேணாமுன்னு சொல்லிட்டாக" என்றார் முதலாளி, கொஞ்சமும் கூசாமல்.

"ஆச்சியா? பருப்பு வேகப் போடும்போதே உப்பையும் போட்டுறணும்னு எழுதியிருக்கு. உப்பைப் போட்டா பருப்பு வேகுமா? அடுப்பைத் திரும்பிப் பார்க்காத ஆம்பளை எவனோ எழுதியிருக்கான்."

நான் புரூப் காகிதத்துக்குள் தலையைப் புதைத்துக்கொண்டேன். முதலாளி என் பக்கம் பார்க்காமல் இருக்கப் பட்ட பாடு எனக்கே தெரிந்தது. அந்த ஆச்சிக்கும் தெரிந்திருக்க வேண்டும். நேராக என் மேசைக்கு வந்து கடைசிப் பக்கத்தைத் திறந்து வைத்தார்கள்.

"தம்பி, பருப்பு வேகலைன்னா இன்னும் ரெண்டு கொதி விட்டுக்கிறலாம். இந்தா இந்த மூணு வரி, இதை எடுத்துருங்க. எங்க வீட்டுல ஒருத்தி இப்படித்தேன் எழுதாமயே இருந்தா."

அவ்வளவுதான் சொன்னார்கள். அந்த ஒருத்திக்கு என்ன ஆயிற்று என்று நான் கேட்கவில்லை. அவர்களும் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. கார் போய்விட்டது.

பருப்பை அன்றைக்கே திருத்தினேன். மூன்று வரியைத் திருத்தவில்லை. "அதை எடுத்தா பக்கம் மொட்டையா நிக்கும்ணே" என்று முதலாளியிடம் சொன்னேன். உண்மைக் காரணம் அதுவல்ல. எனக்கு அந்த வரி பிடித்திருந்தது.

அதற்கு அடுத்த வருடம் பஞ்சவர்ணத்துக்குக் கல்யாணம். கல்லலுக்கு அங்குட்டு ஒரு கிராமம். மாப்பிள்ளை வீட்டாருக்கு வயலும் ஒரு மோட்டார்க் கிணறும் இருந்தது. மாப்பிள்ளை நல்ல மனுஷர், தன் அம்மா முன்னால் மட்டும் வாய் திறக்காத மனுஷர். எங்கள் முதலாளி பெரிய மனது வைத்து, "நம்ம அச்சாபீஸ் புள்ளை வீட்டுக் கல்யாணம், புத்தகம் என்னோடது" என்று அச்சடித்துத் தந்தார். எங்களைப் போல வயலை நம்பி வாழ்கிற வீட்டில் தாம்பூலப் பைக்குள் புத்தகம் வைப்பது அதுவே முதல் தடவை. அப்பா அதை எல்லோருக்கும் எடுத்துக் காட்டினார். அம்மா ஒரு பிரதியைப் பஞ்சவர்ணத்தின் டிரங்குப் பெட்டிக்குள், பட்டுச் சேலைக்கு மேலே வைத்தார்கள். ஆச்சி யார் என்று வீட்டில் யாருக்கும் நான் சொல்லவில்லை. ஊருக்கே தெரியாத ரகசியத்தை வைத்திருப்பதில் ஒரு சுகம் இருந்தது.

பிறகு அவள் கடிதங்கள் வரத் தொடங்கின. மாதம் ஒன்று, இன்லண்டு லெட்டரில். 'இங்கு அனைவரும் நலம். அங்கு அனைவரும் நலமா. அத்தை அன்பாக இருக்கிறார்கள். மழை பெய்தது. நெல் நன்றாக இருக்கிறது.' சாயங்காலம் நான் வந்ததும் அம்மா அதை என்னிடம் கொடுத்து வாசிக்கச் சொல்வார்கள். நான் வாசிப்பேன். வீட்டில் இருந்தவரை வாய் மூடாத பெண், தண்ணீர் எடுக்கப் போனால் தெருக் கதை முழுவதையும் குடத்தோடு கொண்டுவருகிற பெண், இவ்வளவு அடக்கமாக எழுதுகிறாளே என்று அம்மாவுக்குச் சந்தோஷம். எனக்கு அதைவிட. எழுத்தாளன் என்றால் இப்படி அல்லவா இருக்க வேண்டும், ஒரு வரியில் ஒரு பெண்ணையே மாற்றிவிட்டேனே என்று மனதுக்குள் மீசையை முறுக்கிக்கொண்டேன்.

தலைத் தீபாவளிக்கு வந்தாள். கொஞ்சம் மெலிந்திருந்தாள். கல்யாணமான புதிதில் அப்படித்தான் என்றார்கள். இரண்டு நாளில் போய்விட்டாள். தை பிறந்தது. பொங்கல் சீர் கொண்டுபோக வேண்டியது அண்ணன். ஆனால் தை மாசி என்றால் அச்சாபீஸில் மூச்சு விட நேரமிருக்காது, முகூர்த்தப் பத்திரிகைகள் மலையாகக் குவியும். அப்பாவே கரும்பையும் அரிசியையும் எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வந்தார். "நல்லாத்தேன் இருக்கு புள்ளை" என்றார். மாசி கடிதத்திலும் அனைவரும் நலம்.

கல்யாணமாகி ஒன்றரை வருடம் கழித்து, ஏழாம் மாதத்தில், பிள்ளைப்பேற்றுக்கு எங்கள் வீட்டுக்கு வந்தாள். அம்மா ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார்கள். அட்டை எழுதிய நர்ஸம்மா, "இது முதலாவதா?" என்று கேட்க, பஞ்சவர்ணம் தரையைப் பார்த்துக்கொண்டு, "ரெண்டாவது" என்றாளாம்.

அன்று சாயங்காலம் நான் வீட்டுக்குள் நுழையும்போது அம்மா அடுப்பை மூட்டாமல் அதன் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள்.

"போன மாசியில மூணு மாசத்துல கலைஞ்சு போச்சாம்டா. மூணாம் நாளே கெணத்துல தண்ணி எறைக்க விட்டிருக்காக. பத்து நாள் காச்சல்ல கெடந்திருக்கா. பொழைக்க மாட்டான்னு அக்கம்பக்கத்துல பேசியிருக்காக. இந்தா இருக்கு கல்லலு. ஒரு வரி எழுதலையே இவ."

அந்த மாசி மாதக் கடிதத்தை நான்தான் வாசித்தேன். 'இங்கு அனைவரும் நலம்' என்பதை எந்தக் குரலில் வாசித்தேன் என்றுகூட நினைவிருந்தது. உள்ளறையில் பஞ்சவர்ணம் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். வாசல் வரை போய் நின்றேன். உள்ளே போக எனக்கு முகம் இல்லை.

மறுநாள் காலையில் அச்சாபீஸ் போனதும் முதல் வேலையாக அந்த மூன்று வரியையும் உருவி எடுக்கச் சொன்னேன். அடுத்த கல்யாணத்துக்கு அந்தப் பக்கம் அடியில் மொட்டையாகவே போயிற்று. முதலாளியும் கவனிக்கவில்லை, வாங்கிய வீட்டாரும் கேட்கவில்லை. அது மொட்டையாக இருக்கிறது என்று உலகத்தில் ஒருவருக்கும் தெரியவில்லை.

பஞ்சவர்ணத்துக்கு ஆண் பிள்ளை பிறந்தது. பிறகு ஒரு பெண். மாமியார் காலமானார். இன்று அவள் அந்த வீட்டின் மூத்த மனுஷி. போன் செய்தால், "நல்லா இருக்கேண்ணே, நீங்க நல்லா இருக்கீகளா?" என்பாள். அதற்கு மேல் ஒன்றும் சொல்லமாட்டாள். போன வருடம் அவளுக்குக் கண்புரை ஆபரேஷன் ஆனதே எனக்கு ஒரு மாதம் கழித்து அவள் மகன் சொல்லித்தான் தெரியும். ஒவ்வொரு தடவையும் போனை வைத்ததும் என் மூன்று வரிதான் நினைவுக்கு வரும். அவளை வாயடைத்தது நான் என்று நினைப்பேன். கல்லலுக்கு அங்குட்டு உட்கார்ந்து அவள் இன்னமும் என் புத்தகத்துக்குக் கீழ்ப்படிந்துகொண்டிருக்கிறாள் என்று நினைப்பேன்.

பழைய சாமான் கடையில் அந்தப் பிரதியின் கடைசிப் பக்கத்தைத் திறந்து பார்த்தேன். வரிகள் இருந்தன. அவற்றை நான் உருவுவதற்கு முன் அச்சானது. தூக்குச்சட்டியோடு அதையும் வாங்கிக்கொண்டேன். வீட்டுக்குப் போகவில்லை. ஓர் ஆட்டோ பிடித்து நேராகத் தங்கை வீட்டுக்குப் போனேன். இன்றைக்குச் சொல்லாவிட்டால் இனி சொல்லப் போவதில்லை என்று தோன்றியது.

அவள் பின்கட்டில் மிளகாய் வற்றலைக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தாள். "வாங்கண்ணே, என்ன திடீருன்னு" என்று எழுந்தவளை உட்காரச் சொல்லி, புத்தகத்தை அவள் முன்னால் வைத்தேன். ஆச்சி நான்தான் என்றேன். கடைசிப் பக்கத்தைக் காட்டினேன். அதனால்தானே நீ எழுதாமல் இருந்தாய் என்று கேட்டேன். அறுபது தாண்டிய மனிதன் மிளகாய்க் காரத்தின் மேல் பழி போட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

அவள் கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு அந்த வரிகளை வாசித்தாள். விரலை வைத்து, நிதானமாக. வாசித்து முடித்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"இதை நான் இப்பத்தேண்ணே பாக்குறேன்."

"உன் பெட்டியில இருந்துச்சே."

"இருந்துச்சு. வந்த புதுசுல நாலு பக்கம் பொரட்டுனேன். அம்மா என்னைய வையுறதெல்லாம் அதுல அச்சுல கெடந்துச்சு. நீங்கதேன்னு அப்பயே தெரிஞ்சுபோச்சு. இங்கயும் வந்து இதையா கேக்கணும்னு மூடிட்டேன். மாவு டப்பாவுக்கு மூடி சரியா உக்காராது, அது மேல வச்சிருந்தேன் ரொம்ப நாளு."

எனக்கு நிம்மதி வந்திருக்க வேண்டும். வரவில்லை. "பின்ன ஏன் ஒரு வரி எழுதலை நீ?" என்றேன்.

அவள் மிளகாயை மறுபடி எடுத்துக்கொண்டாள்.

"லெட்டரை எல்லாம் எங்க அத்தை வாங்கிப் பாத்துட்டுத்தேன் ஒட்டுவாக. என்னத்த எழுதுறது? அப்பா வருவாக, முன்னால கட்டில்ல உக்காந்து காப்பியக் குடிச்சுட்டுப் போயிருவாக. சம்பந்தி வீட்டுல அதுக்கு மேல உள்ள வர மாட்டாகல்ல. அண்ணன் வந்தாத்தேன் அடுப்படி வரைக்கும் வரும். எம் மூஞ்சியப் பாத்தாலே உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். நான் சொல்லவே வேணாம்." ஒரு காம்பைக் கிள்ளிப் போட்டாள். "பொங்கச் சீருக்கு நீங்க வருவீகன்னு இருந்தேன்."

கோபமாகச் சொல்லவில்லை. என்னைக் குத்த வேண்டும் என்றும் சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னாள், அவ்வளவுதான். நாற்பது வருடமாக நான் சுமந்துகொண்டு திரிந்தது எவ்வளவு வசதியான குற்றம் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. மூன்று வரியில் ஒரு பெண்ணின் வாயை அடைத்துவிட்ட பெரிய எழுத்தாளன் என்று வருத்தப்படுவதில்கூட ஒரு பெருமை இருந்திருக்கிறது. தங்கை வீட்டுக்கு ஒரு நடை போய்ப் பார்க்காத அண்ணன் என்பதில் என்ன பெருமை இருக்கிறது?

"உன்கிட்ட முன்னமே கேட்டிருக்கணும் நான்" என்றேன்.

"கேக்கத்தேன் இல்லையே" என்றாள். பிறகு என் முகத்தைப் பார்த்துப் பாவப்பட்டிருக்க வேண்டும். "விடுங்கண்ணே. சோறு ஆக்கிட்டேன், சாப்பிடலாம் வாங்க. எப்படி வந்தீக, பஸ்ஸுலயா?"

"ஆட்டோவுல."

"ஆமா, பஸ்ஸு ஏது இப்ப. அப்ப காரைக்குடியிலருந்து சாயங்காலம் ஒரு பஸ்ஸு வரும். அஞ்சு மணிக்கு அந்தா அந்தப் புளியமரத்துக்கிட்ட நிக்கும். காச்சல்ல கெடந்த பத்து நாளும் ஜன்னல்ல பாத்துக்கிட்டே கெடப்பேன், யாரு எறங்குறாகன்னு."

அதற்குப் பிறகு சாப்பிட்டோம். என்ன சாப்பிட்டேன் என்று எனக்கு நினைவில்லை.

திரும்பி வரும்போது ஆட்டோக்காரரிடம் அந்தப் பஸ்ஸைப் பற்றிக் கேட்டேன். நிறுத்தி இருபது வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது என்றார். அச்சாபீஸ் இருந்த இடத்தில் இப்போது செல்போன் கடை. முதலாளி இல்லை, அம்மா அப்பா இல்லை. புத்திமதிப் புத்தகத்தை இப்போது கல்யாண வீட்டில் கொடுப்பதுமில்லை, கொடுத்தால் வாங்குவதற்கும் ஆளில்லை. அந்தப் புத்தகம் போனதில் எனக்கு ஒரு குறையும் இல்லை.

அந்தப் பஸ் மட்டும் மனதை விட்டுப் போகமாட்டேன் என்கிறது. சிவப்புப் பட்டை போட்ட பஸ். தினமும் சாயங்காலம் நாலு பத்துக்கு எங்கள் அச்சாபீஸ் வாசல் வழியாகத்தான் போகும். என் மேசை ஜன்னலை ஒட்டி இருந்ததால் அதைப் பார்த்துத்தான் என் கைக்கடிகாரத்தைச் சரி செய்துகொள்வேன். பாதிக்கு மேல் காலியாகத்தான் போகும். உட்கார இடம் இருந்தது.